பொதுச் சுவர்

காலை ஆறே முக்காலுக்கு
பள்ளித் திடலோரத் தகரப் பெட்டியைத் திறந்து
நேற்றைய காற்றை வெளியே எடுப்பேன்.
உள்ளங்கை அகலத்தில் ஒரு வெள்ளை வட்டம்.
வெள்ளை என்பது பழக்கத்தில் சொல்வது.
ஜூலையில் அது பழைய பல்லின் நிறம்.
ஜனவரியில்
ஊரின் நுரையீரலை
யாரோ ஒற்றியெடுத்த தாள்.

ஆஸ்ட்ராவாவின் கிழக்கு விளிம்பு இது.
குளிர் கீழே படுத்து, வெதுவெதுப்பு மேலே மூடியாகும் நாட்களில்
புகைபோக்கியை விட்டு எழும் புகை
கூரை உயரத்தில் கொஞ்சம் யோசித்து நின்று
திரும்பி இறங்கிவிடும்.

தாளைக் கரைப்பானில் ஊறவைத்து
இயந்திரத்திடம் கொடுப்போம்.
இருபத்தேழாவது நிமிடம்
திரையில் ஒரு முள் நிமிரும்: பென்சோபைரீன்.
ஒட்டிப் பிறந்த ஐந்து வளையங்கள்,
ஒவ்வொன்றும் அறுகோணம்.
வேலைக்குச் சேர்ந்த முதல் வாரமே கண்டுகொண்டேன்,
இது எங்கள் தெருவின் வரைபடம்.
சுரங்கக்காரர்களுக்காகக் கட்டிய வரிசை வீடுகள்;
என் சுவர்தான் அடுத்தவர் சுவரும்.

உடல் இதை வெளியேற்றத்தான் பார்க்கிறது.
தண்ணீரில் கரையாத பண்டத்துக்கு
ஈரல் ஒரு கைப்பிடி பொருத்துகிறது,
இழுத்துப்போய்க் கொட்டுவதற்கு.
சில வேளை
அந்தக் கைப்பிடியாலேயே அது
மரபணு ஏணியைப் பற்றிக்கொள்கிறது.
எப்போதும் அல்ல.
அந்த "எப்போதும் அல்ல"வைத்தான்
தசமப் புள்ளிக்குப் பின்னால்
நாங்கள் எழுதிக்கொண்டிருக்கிறோம்.

சுவருக்கு அந்தப் பக்கம் பொஹுமீர்.
கோக் உலையின் மேல்தளத்தில் பத்தொன்பது வருடம்
மூடி திறந்தவர்.
உருகாமலிருக்க அடியில் மரம் வைத்த செருப்பு
இன்னும் வாசலில் கிடக்கிறது.
"உலையை மூடியாச்சு.
உன் பெட்டி இன்னும் யாரை வேவு பார்க்கிறது?"
என்பார். சிரிப்பு இருமலில் போய் முடியும்.
வெள்ளிக்கிழமை புகையிட்ட மீன் தருவார்.
கருகிய தோலை நான் உரித்து வைப்பதை
ஒருமுறை பார்த்தார்.
அடுத்த வாரம் தோலில்லாமல் வந்தது.

செவ்வாய்க்கிழமை, பதினான்கு பாகை உறைகுளிரில்
எங்கள் எரிவாயுக் கொதிகலன் செத்தது.
பழுதுபார்ப்பவன் வியாழனுக்குத்தான் வருவானாம்.
ராதிம் கோட்டோடு கட்டிலில் உட்கார்ந்து
மூச்சால் ரயில் விட்டுக்கொண்டிருந்தான்.
வேலிக்கு மேலாக ஒரு கட்டு விறகு வந்தது.
பழைய சிலீப்பர் கட்டை, அளவாக அறுத்தது.
முகர வேண்டியதே இல்லை.
கோடைகாலத்து ரயில் நிலையத்தின் வாசனை அது;
நான் சம்பளம் வாங்குவதும்
அந்த வாசனைக்குத்தான்.

வேண்டாம் என்று சொல்ல வாக்கியம் வைத்திருந்தேன்.
பள்ளிகளுக்குப் போய்ச் சொல்லும் வாக்கியம்,
படங்களோடு.

தார் எண்ணெய் குடித்த மரம்
எவ்வளவு அழகாக எரிகிறது தெரியுமா.
ஒரே தீக்குச்சி.
ஒன்பது மணிக்கு ராதிம் காலுறையைக் கழற்றினான்.
பத்து மணிக்குத்
தலையணையை உதைத்துவிட்டுத் தூங்கினான்.
நான் வெளியே போய் நம் புகைபோக்கியைப் பார்த்தேன்.
புகை கூரை உயரத்தில் நின்று
திடல் இருக்கும் பக்கம் சாய்ந்தது.

அடுத்த திங்கள், இருபத்தேழாவது நிமிடம்.
செவ்வாயின் முள்
திரையின் மேல் விளிம்பை முட்டியது.
சக ஊழியை மிலாதா எட்டிப் பார்த்து
"எந்தப் பாவி?" என்றாள்.
அளவுகோலை மாற்றினேன்,
முள் உள்ளே அடங்குவதற்காக.

படிவத்தில் காற்றின் வேகம், திசை, வெப்பநிலை.
பிறகு மூலம்:
ஆலை, சாலை, வீட்டு அடுப்புகள், தெரியவில்லை.
மூன்றாவதில் குறியிட்டேன்.
"அடுப்புகள்" என்ற சொல்லின் கடைசி இரண்டு எழுத்தை
விரலால் மூடிப் பார்த்தேன்.
விரலை எடுத்துவிட்டேன்.

ஒரு நாளால் ஒன்றும் ஆகிவிடாது.
கணக்கு அப்படித்தான் சொல்லும்.
ஆனால் கணக்கு எழுதுவது நான்.

இரவு சுவரில் இரண்டு தட்டு.
இன்னும் கட்டை இருக்கிறது, வேண்டுமா என்று அர்த்தம்.
கொதிகலன் சரியாகிவிட்டதை
அவரிடம் நான் இன்னும் சொல்லவில்லை.
அவர் வீட்டில் கொதிகலனே கிடையாது என்பது
கை சுவரை நோக்கிப் போகும்போது
நினைவுக்கு வருகிறது.